மஸ்ரி என்று பெயர், ஆனால் எகிப்துக்காரர் இல்லையாம்: அரபுக் குடும்பப் பெயர்களில் ஊர் எப்படி வந்தது?

சம்பளப்பட்டியல்காரன் கேட்டது:

வணக்கம். ஷார்ஜாவில் ஒரு கட்டுமான கம்பெனியில் சம்பளப் பிரிவில் வேலை. மாதா மாதம் முந்நூறு பெயருக்கு மேல் கண்ணில் ஓடுவதால், பெயரைப் பார்த்தே ஆள் எந்த ஊர் என்று சொல்லிவிடுவதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. நம் ஆட்களிடம் அது ஓரளவு பலிக்கும். அரபுக்காரர்களிடம் மட்டும் ஒவ்வொரு முறையும் மண்ணைக் கவ்வுகிறேன்.

சைட்டில் அல்-மஸ்ரி என்று ஒரு இன்ஜினியர். மிஸ்ர் என்றால் எகிப்து என்று எனக்குத் தெரியும், அதனால் பெருநாள் லீவு சமயத்தில் "கெய்ரோவுக்கு டிக்கெட் போட்டாச்சா?" என்று கேட்டுவைத்தேன். மனிதர் விழுந்து விழுந்து சிரித்தார். அவர் குடும்பம் பாலஸ்தீனத்து நாப்லஸாம், கையில் ஜோர்டான் பாஸ்போர்ட், எகிப்தில் கால் வைத்ததே இல்லையாம். சரி, இவர் ஒரு விதிவிலக்கு என்று விட்டேன். ஸ்டோரில் இருக்கும் ஹலபி, அதாவது அலெப்போக்காரர் என்று பொருள்படும் பெயர் உள்ளவர், லெபனான் ஆள். அக்கவுண்ட்ஸில் ஒரு தராபுல்ஸி, அதாவது திரிபோலிக்காரர், அவர் துனிசியா. எல்லாவற்றுக்கும் மேல், அல்-ஹிந்தி என்று ஒரு சிரியாக்காரர். புதிதாக வந்த பீகார் பையன்களுக்கு மொழிபெயர்க்க அவரைப் போய்க் கூப்பிட்டிருக்கிறார்கள். அவருக்கு ஒரு வார்த்தை ஹிந்தி தெரியாது.

ஊர்ப் பெயரைக் குடும்பப் பெயராக வைத்துக்கொண்டு, அந்த ஊருக்குச் சம்பந்தமே இல்லாமல் இருக்கிறார்களே, இது என்ன கணக்கு? தெரிந்தவர்கள் கொஞ்சம் சொல்லுங்கள்.

---

இருபதுவருடவிசா:

உங்கள் கணிப்பு தப்பில்லை நண்பரே, தலைகீழாக இருக்கிறது, அவ்வளவுதான். அந்தப் பெயர் ஆள் இருக்கும் ஊரைச் சொல்லாது, விட்டுவிட்டு வந்த ஊரைச் சொல்லும்.

யோசித்துப் பாருங்கள், அலெப்போவுக்குள் எல்லோரும் அலெப்போக்காரர்கள்தான், அங்கே தெருவில் நின்று "ஏ ஹலபி" என்று கத்தினால் ஊரே திரும்பும். அதே ஆள் மூட்டை கட்டிக்கொண்டு பெய்ரூட்டுக்குப் போய் ஒரு துணிக்கடை போட்டால் அது "ஹலபி கடை". அவர் மகன் ஹலபி மகன், பேரன் பிறக்கும்போது அது குடும்பப் பெயராகவே ஒட்டிக்கொள்ளும். நாமும் "மதுரைக்காரர் வீடு" என்று மதுரைக்குள் யாரையும் சொல்வதில்லை, திண்டுக்கல்லிலோ சென்னையிலோதான் சொல்வோம். ஆக உங்கள் மஸ்ரி நாப்லஸ்காரராக இருப்பதில் ஆச்சரியமே இல்லை. கெய்ரோவில் ஒரு குடும்பத்தை மஸ்ரி என்று தனியாகக் குறிக்க என்ன தேவை வந்திருக்கும்? பாலஸ்தீனத்தில் அந்தத் தேவை இருந்தது. காலம் காலமாக அங்கே எகிப்திலிருந்து ஆட்கள் வந்துகொண்டிருந்தார்கள், குறிப்பாக 1831 முதல் 1840 வரை எகிப்தின் இப்ராஹிம் பாஷா அந்தப் பகுதியைப் பிடித்து வைத்திருந்தபோது நிறையப் பேர் வந்து தங்கிவிட்டார்கள். உங்கள் ஆளின் முப்பாட்டன் அப்போதுதான் வந்தார் என்று நான் சொல்லவில்லை, ஆனால் அங்கே மஸ்ரி என்ற பெயர் ஏன் அவ்வளவு சாதாரணம் என்பது இதிலிருந்து புரியும்.

இலக்கணம் எளிது. ஊர்ப் பெயரின் கடைசியில் ஒரு "ஈ" சேர்த்தால் "அந்த ஊரைச் சேர்ந்த" என்று ஆகிவிடும். பக்தாத், பக்தாதி. ஹிம்ஸ், ஹிம்ஸி. பெண்ணுக்கு "இய்யா" வரும், பக்தாதிய்யா என்று, ஆனால் இன்றைய பாஸ்போர்ட்டுகளில் பெரும்பாலும் பெண்ணுக்கும் ஆண்பால் வடிவமே இருக்கும். இதற்கு அரபியில் நிஸ்பா என்று பெயர், உறவு, சம்பந்தம் என்ற அர்த்தத்தில்.

அல்-ஹிந்தியும் இதே வழிதான். முன்னோர் யாரோ இந்தியாவிலிருந்து போயிருக்கலாம், இல்லை இந்தியாவோடு வியாபாரம் செய்து ஊர் திரும்பியவராகவும் இருக்கலாம். அங்கே போய் நாலு வருடம் இருந்துவிட்டு வந்தவனுக்கும் ஊரார் இப்படிப் பட்டம் கட்டுவதுண்டு. நம்மூரில் "சிங்கப்பூரார் வீடு", "பர்மாக்காரர் வீடு" இல்லையா?

---

மேப்புமணி:

அப்போ "ஈ"யில் முடிந்தால் ஊர், கதை முடிந்தது. குரைஷி, அன்சாரி, ஹாஷிமி, காதிரி எல்லாம் எந்த நாட்டில் இருக்கிறது என்று மேப்பில் தேடிக்கொண்டிருக்கிறேன், கிடைத்ததும் சொல்கிறேன்.

---

ஓதியகாலம்:

மேப்புமணி பாய், கிண்டலாகக் கேட்டாலும் சரியான இடத்தில்தான் கை வைத்திருக்கிறீர்கள். "ஈ" என்பது ஊரைச் சொல்லும் அடையாளம் இல்லை, சம்பந்தத்தைச் சொல்வது. குரைஷி, தமீமி என்றால் கோத்திரம். ஹாஷிமி என்றால் ஒரு மூதாதை. அன்சாரி என்றால் மதீனாவில் நபிகளாருக்கு உதவிய அன்சார்களின் வழி. காதிரி என்றால் அப்துல் காதிர் ஜீலானியின் தரீக்கா, அதாவது சூஃபி வழி. ஷாஃபிஈ என்று பெயருக்குப் பின்னால் போட்டால் மத்ஹபை, அதாவது மார்க்கச் சட்டப் பிரிவை, சொல்வதாகவும் இருக்கும். நம் தமிழ்நாட்டு ஆலிம்களின் பெயர்களைப் பாருங்கள், வேலூர் பாகியாத்துஸ் ஸாலிஹாத்தில் ஓதியவர் பாகவி, உமராபாத்தில் ஓதியவர் உமரி, எகிப்தின் அஸ்ஹருக்குப் போய்வந்தவர் அஸ்ஹரி, இலங்கையில் பேருவளை நளீமிய்யாவில் படித்தவர் நளீமி. அதே "ஈ"தான், இங்கே மதரஸாவைச் சொல்கிறது. இது செத்துப்போன பழைய வழக்கம் இல்லை, நம் கண் முன்னே வருடா வருடம் புதிதாக நிஸ்பா பிறந்துகொண்டிருக்கிறது.

ஊர் நிஸ்பாவுக்கு வருவோம். ஹதீஸ் நூல்கள், அதாவது நபிமொழித் தொகுப்புகள், ஆறின் பெயரைத் தினமும் உச்சரிக்கிறோம், அதில் பாதி ஊர்ப் பெயர் என்பதே பல பேருக்குத் தோன்றுவதில்லை. புகாரி என்றால் புகாரா, இன்றைய உஸ்பெகிஸ்தான். திர்மிதி என்றால் திர்மித், அதுவும் உஸ்பெகிஸ்தானின் தென்கோடியில் ஆமு தர்யா ஆற்றங்கரையில் இருக்கிற தெர்மெஸ். நஸாயீ என்றால் நஸா, இன்றைய துர்க்மெனிஸ்தானில் அஷ்காபாத் பக்கம். மற்ற மூன்றைத் தொகுத்த முஸ்லிம், அபூதாவூத், இப்னு மாஜா மூவரையும் வேறு பெயரால் அழைத்தாலும் அவர்களுக்கும் நிஸ்பா உண்டு: நைஸாபூரி, ஸிஜிஸ்தானி, கஸ்வீனி. ஒன்றுகூட அரபு தீபகற்பத்து ஊர் இல்லை. எல்லாம் ஈரான், மத்திய ஆசியா. கம்ப்யூட்டர்காரர்கள் சொல்லும் அல்காரிதம்கூட ஒரு ஊர் நிஸ்பாதான், ஆரல் கடலுக்குத் தெற்கே இருந்த குவாரிஸ்ம் நாட்டைச் சேர்ந்த குவாரிஸ்மி என்ற கணித அறிஞரின் பெயர் லத்தீனில் போய் நசுங்கியது.

"ஈ சேர்த்தால் போதும்" என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார், பாதிதான் சரி. மக்கா, பஸ்ரா, கூஃபா போன்றவற்றில் கடைசி எழுத்து விழுந்து மக்கீ, பஸ்ரீ, கூஃபீ ஆகும். ஹமா, ஸைதா, யாஃபா மாதிரி முடிந்தால் நடுவில் "வ" நுழைந்து ஹமவீ, ஸைதாவீ, யாஃபாவீ. மதீனா மதனீ ஆகிறது. ஸன்ஆவுக்கு ஸன்ஆனீ. ஹளரமவ்த் நீளம் என்று பாதியிலேயே வெட்டி ஹளரமீ. ரய் என்ற ஊருக்கு ராஸீ, மர்வ் என்ற ஊருக்கு மர்வஸீ. இந்த "ஸ" எங்கிருந்து வந்தது என்று நான் ஓதும் காலத்தில் உஸ்தாதிடம் கேட்டு, "வந்தது, வைத்துக்கொள்" என்று பதில் வாங்கியிருக்கிறேன். எனக்கு மிகப் பிடித்தது தபரீயும் தபரானீயும்தான். தபரீ என்றால் காஸ்பியன் கடலோரத்துத் தபரிஸ்தான், வரலாறு எழுதிய தபரீ அங்கே ஆமுல் நகரத்துக்காரர். தபரானீ என்றால் பாலஸ்தீனத்துத் தபரிய்யா ஏரிக்கரை ஊர். இரண்டு ஊருக்கும் ஒரே வடிவம் வந்துவிடக் கூடாது என்று பிரித்து வைத்திருக்கிறார்கள்.

இனி "விட்டு வந்த ஊர்" விஷயம். அது நூற்றுக்கு நூறு உண்மை, ஆனால் எவ்வளவு தூரத்துக்கு உண்மை என்று பாருங்கள். ஹதீஸ் அறிஞர் இப்னு ஹஜர் அல்-அஸ்கலானி 1372இல் கெய்ரோவில் பிறந்தவர், 1449இல் கெய்ரோவிலேயே மறைந்தவர். அஸ்கலான் நகரம் சிலுவைப் படையினர் கையில் சிக்கக் கூடாது என்று 1191இலேயே சலாஹுத்தீன் இடித்துத் தரைமட்டமாக்கிவிட்டார். இடிந்துபோன ஊரின் பெயரை ஏறத்தாழ 180 வருடம் கழித்துப் பிறந்தவர் சுமக்கிறார். தஃப்ஸீர், அதாவது குர்ஆன் விளக்கவுரை, ஓதியவர்களுக்குத் தெரிந்த ஸுயூத்தி மேல் எகிப்தின் அஸ்யூத் பெயரைச் சுமக்கிறார், பிறந்தது கெய்ரோ. அப்துல் கனீ அந்-நாபுலுஸி, பெயரில் நாப்லஸ் இருந்தாலும், டமாஸ்கஸில் பிறந்து டமாஸ்கஸில் இறந்தவர்.

இன்னொன்று, சொந்தக் கிராமத்தின் பெயர்தான் வரும் என்றும் இல்லை. நாப்லஸ் பக்கம் ஜம்மாயீல் என்று ஒரு சிறிய ஊர், அங்கிருந்து சட்ட அறிஞர் இப்னு குதாமாவின் குடும்பம் 1150களில் சிலுவைப் படையினர் ஆட்சியின் தொல்லை தாங்காமல் டமாஸ்கஸுக்கு ஓடிவந்தது. அங்கே அவர்களுக்கு விழுந்த பெயர் மக்திஸி, அதாவது ஜெருசலேம்காரர். டமாஸ்கஸில் ஜம்மாயீலை யாருக்குத் தெரியும்? கேட்கிறவனுக்குத் தெரிந்த பெரிய ஊரைச் சொல்வதுதான் உலக வழக்கம்.

அதைவிட விசித்திரம் யாகூத் அல்-ஹமவி. ஊர்களுக்கெல்லாம் பெரிய அகராதி எழுதியவர், எந்த ஊருக்கு என்ன நிஸ்பா என்றும் சொல்லிக்கொண்டே போவார், 1229இல் மறைந்தார். அவர் ஹமாவில் பிறந்தவரே இல்லை. ரோம நாட்டில், அதாவது பைசாந்திய மண்ணில் பிறந்து, சிறு வயதில் பிடிபட்டு பக்தாதில் அடிமையாக விற்கப்பட்டார். வாங்கிய வியாபாரி ஹமாக்காரர். அந்த எஜமானின் ஊர் இவர் பெயரில் ஒட்டிக்கொண்டது. ஊர்களின் அகராதி எழுதியவரின் பெயரில் இருப்பது அவருடைய ஊர் இல்லை.

இரண்டு ஊர், மூன்று ஊர் மாறியவர்களுக்குப் பழைய நூல்களில் ஒரு நல்ல வழி உண்டு. "அல்-மிஸ்ரி, ஸும்ம அத்-திமிஷ்கி" என்று எழுதுவார்கள். ஸும்ம என்றால் "அப்புறம்". எகிப்துக்காரர், அப்புறம் டமாஸ்கஸ்காரர். ஒரு ஊரில் நான்கு வருடம் தங்கியவரை அந்த ஊரோடு சேர்த்துச் சொல்லலாம் என்று அப்துல்லாஹ் இப்னு முபாரக் சொன்னதாக நவவி எடுத்துச் சொல்கிறார். அந்தக் கணக்குப்படி சம்பளப்பட்டியல்காரன் எப்போதோ ஷாரிக்கி, அதாவது ஷார்ஜாக்காரர், ஆகியிருப்பார்.

---

சம்பளப்பட்டியல்காரன்:

ஷாரிக்கி! விசிட்டிங் கார்டில் போட்டுவிட வேண்டியதுதான்.

ஓதியகாலம் பாய், அருமை, இரண்டு முறை படித்தேன். ஆனால் இப்போது பயம் அதிகமாகிவிட்டது. ஊரா கோத்திரமா தொழிலா என்றே பெயரைப் பார்த்துச் சொல்ல முடியாது போலிருக்கிறதே. இமாம் கஸ்ஸாலி என்கிறார்களே, அந்தக் கஸ்ஸாலி என்ன, ஊரா?

---

ஓதியகாலம்:

அதில் பண்டிதர்களே சண்டை போட்டிருக்கிறார்கள். "ஸ்" ஒற்று இரட்டித்து கஸ்ஸாலி என்றால் நூல் நூற்பவர், தொழில். இரட்டிக்காமல் கஸாலி என்றால் தூஸ் பக்கம் இருந்த கஸாலா என்ற கிராமம். இரண்டுக்கும் ஆதரவாளர்கள் உண்டு. நான் பழக்கதோஷத்தில் இரட்டித்தே சொல்கிறேன். இந்தக் குழப்பங்களைத் தீர்க்கத்தான் மர்வ் நகரத்து ஸம்ஆனி, 1166இல் மறைந்தவர், நிஸ்பாக்களை மட்டுமே அகர வரிசையில் அடுக்கி ஒரு பெரிய நூல் எழுதினார். பிறகு இப்னுல் அஸீர் அதைச் சுருக்கினார், அந்தச் சுருக்கத்தையும் ஸுயூத்தி சுருக்கினார். எந்த "ஈ" எதைச் சொல்கிறது என்று அன்றைக்கே ஆட்கள் திண்டாடியிருக்கிறார்கள், நாம் எம்மாத்திரம்.

---

மட்டுநகர்மலர்:

நான் பெய்ரூட்டில் பதினொரு வருடம் ஒரு வீட்டில் வேலை செய்தவள், இப்போது ஊரில். அரபு எழுத வாசிக்க அவ்வளவாகத் தெரியாது, கதைக்கத் தெரியும். என் அனுபவத்தைச் சொல்கிறேன்.

நான் இருந்த கட்டிடத்தில் அழைப்பு மணிகளின் பெயர்ப் பலகையே ஒரு பஸ் நிலையம் மாதிரி இருக்கும். ஸைதாவி, தராபுல்ஸி, பஅல்பகி, ஹவ்ரானி, ஷாமி. ஸைதா, திரிபோலி, பஅல்பக் மூன்றும் லெபனான் ஊர்கள், ஹவ்ரான் சிரியாவின் தெற்குப் பக்கம், ஷாம் என்றால் டமாஸ்கஸையும் சொல்வார்கள், முழுச் சிரியாப் பக்கத்தையும் சொல்வார்கள். தொடக்கத்தில் நானும் இந்தத் தம்பியைப் போல ஒவ்வொருவரும் அந்தந்த ஊர் ஆட்கள் என்று நினைத்து, ஸைதாவி மேடத்திடம் "ஸைதாவில் மீன் நல்ல மலிவாமே" என்று கதை தொடங்கினேன். அவ பெய்ரூட்டை விட்டு அசையாத ஆள்.

ஒரு விஷயம் கவனித்தேன். ஊர்ப் பெயரை வைத்து ஆள் முஸ்லிமா கிறிஸ்தவரா என்று கண்டுபிடிக்க ஏலாது. முஹம்மத், ஜார்ஜ் என்று முதல் பெயரில் தெரியும், குடும்பப் பெயரில் ஹலபி என்றிருந்தால் அவர் முஸ்லிமாகவும் இருக்கலாம், கிறிஸ்தவராகவும் இருக்கலாம், துரூஸ் சமயத்தவராகவும் இருக்கலாம், யூதர்களிலும் ஹலபி உண்டு என்று வீட்டு ஐயாவே சொன்னார். ஊர் எல்லோருக்கும் பொதுதானே. வெளிநாட்டில் இருக்கிற ஆட்களுக்கு இது விளங்குவதில்லை, அரபுப் பெயர் என்றாலே முஸ்லிம் என்று முடிவு கட்டுகிறார்கள். அரபு வரலாற்றாசிரியர் ஆல்பர்ட் ஹவ்ரானி கிறிஸ்தவக் குடும்பம், பெற்றோர் தென் லெபனானின் மர்ஜயூன், அவர் பிறந்ததோ 1915இல் இங்கிலாந்தின் மான்செஸ்டரில். பெயர் மட்டும் ஹவ்ரான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். லெபனானில் ஆட்களின் பதிவு இருக்கிற இடத்தில் இல்லை, பரம்பரை ஊரில். பெய்ரூட்டிலேயே பிறந்து வளர்ந்தவர்களும் வாக்குப்போட அந்தப் பழைய ஊருக்குத்தான் போக வேண்டும். தேர்தல் நாளில் எங்கள் கட்டிடம் வெறிச்சோடிவிடும். நான் முதலில் நினைத்தேன், பலகையில் உள்ள ஊருக்குத்தான் எல்லோரும் போகிறார்கள் என்று. அதுவும் பிழை. தராபுல்ஸி வீட்டார் பதிவு வேறு எங்கோ மலைக் கிராமத்தில். அதாவது குடும்பப் பெயர் ஒரு ஊர், பதிவு இன்னொரு ஊர், வாடகை வீடு மூன்றாவது ஊர்.

---

காகிதப்புழு:

மட்டுநகர்மலர் அக்கா சொன்ன திரிபோலியிலிருந்து ஒரு நூல் பிடிக்கிறேன். கேள்வி கேட்டவரின் துனிசிய தராபுல்ஸி வேறு ஆள். துனிசியாவில் அதை த்ராபெல்ஸி என்பார்கள், அங்கே மிகப் பரவலான குடும்பப் பெயர்களில் ஒன்று, அது லிபியாவின் திரிபோலி. லெபனானில் அதே பெயர் இருந்தால் பெரும்பாலும் லெபனானின் திரிபோலி. இதே சிக்கல் ஸூரி என்ற பெயரிலும் உண்டு, அது லெபனானின் ஸூர் நகரமா சிரியா நாடா என்று பெயரை மட்டும் வைத்துச் சொல்ல முடியாது.

உருதுனிய ஆள் (ஜோர்டான்காரர்), லெபனான் ஆள் என்று பாஸ்போர்ட்டில் இன்று எழுதுகிறோமே தவிர, இந்தப் பெயர்கள் ஒட்டியபோது அந்த எல்லைக் கோடுகளே கிடையாது. எல்லாம் உஸ்மானிய ராஜ்யம். அலெப்போவிலிருந்து பெய்ரூட்டுக்குப் போவது கோயம்புத்தூரிலிருந்து சேலம் போகிற மாதிரி. கோடு பிறகு விழுந்தது, பெயர் கோட்டுக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொண்டது. துருக்கிக்காரர்கள் தங்கள் பங்குக்கு "லி" என்ற விகுதியை விட்டுப்போனார்கள். உர்ஃபா ஊர்க்காரர் உர்ஃபாலி, இஸ்மிர்க்காரர் இஸ்மிர்லி. "ஜி" என்று முடிந்தால் அது தொழில், கஹ்வஜி என்றால் காப்பிக்காரர், குழம்ப வேண்டாம். பாலஸ்தீனத்தில் புஷ்னாக் என்று குடும்பங்கள் உண்டு, போஸ்னியாக்காரர்கள். 1878இல் ஆஸ்திரியா போஸ்னியாவைப் பிடித்ததும் கிளம்பி வந்தவர்களில் ஒரு பகுதியினர் சிசேரியா கடற்கரையில் குடியேறினார்கள். டமாஸ்கஸில் ஜஸாயிரி குடும்பம் உண்டு, பிரெஞ்சுக்காரர்களோடு சண்டையிட்ட அல்ஜீரியாவின் அமீர் அப்துல் காதிர் 1855இல் அங்கே போய்த் தங்கினார், அவர் வம்சம் அது. எகிப்தியப் பேச்சு மொழியில் பாட்டெழுதியே மக்கள் மனதில் உட்கார்ந்த பைரம் அத்-தூனிஸி 1893இல் அலெக்ஸாண்ட்ரியாவில் பிறந்தவர், பெயரில் துனிசியா.

எனக்கு இதில் மிகச் சுவையானது ஹிஜாஸ், அதாவது மக்கா மதீனாப் பக்கம். ஹஜ்ஜுக்குப் போய் ஓதவோ பிழைக்கவோ அங்கேயே தங்கியவர்களின் பெயர்களை வரிசையாக வைத்தால் ஆசியா முழுக்க வந்துவிடும். புகாரி, துர்கிஸ்தானி, ஸிந்தி, தாய்லாந்துப் பட்டானியின் ஃபதானி, நம் பக்கத்து மலபாரின் மலைபாரி. ஃபிலிம்பான் என்றும் ஒரு பெயர், சுமத்ராவின் பலெம்பாங்தான் அது. ராஜேந்திர சோழன் மெய்க்கீர்த்தியில் வரும் ஸ்ரீவிஜயம் இன்று சவூதிக் குடும்பப் பெயராக உட்கார்ந்திருக்கிறது என்று நினைத்தால் எனக்கு ஒரு கிறுகிறுப்பு வரும்.

பெயரால் அரசியலும் நடந்திருக்கிறது. ஈராக்கில் பாத் கட்சி ஆட்சியில், 1970களின் நடுப்பகுதியில், ஊரையும் குலத்தையும் காட்டும் குடும்பப் பெயர்களைப் போடக் கூடாது என்று ஆக்கினார்கள். பழைய விசுவாசங்களை ஒழிக்க என்றுதான் சொன்னார்கள். மேலிடத்தில் பெரிய நாற்காலிகளில் இருந்தவர்களில் அத்தனை பேர் அத்-திக்ரீத்தி, எல்லோரும் திக்ரீத் பக்கத்து ஆட்கள் என்று பெயரிலேயே பல்லிளித்தது என்பதுதான் ஊர் பேசிய காரணம். சதாம் ஹுசைன் அல்-திக்ரீத்தி வெறும் சதாம் ஹுசைன் ஆனார். பெயர் போனதும் திக்ரீத்காரர்களின் பிடி போயிற்றா என்று கேட்காதீர்கள். அல்ஜீரியாவில் நேர் எதிர், பிரெஞ்சு ஆட்சி 1882இல் சட்டம் போட்டு, குடும்பப் பெயர் என்று தனியாக இல்லாதவர்களுக்கும் ஒன்றைத் திணித்துப் பதிவு செய்தது.

---

மேப்புமணி:

நம் ஈ.வெ.ரா.வின் "ஈ" ஈரோடு, ம.பொ.சி.யின் "ம" மயிலாப்பூர், அண்ணாவின் முதலெழுத்து காஞ்சீவரம். நாமும் அரபிகளும் ஒன்றுதான் என்று சொல்லி இந்த இழையை முடித்துவைக்கலாமா?

---

இருபதுவருடவிசா:

முடித்துவைக்க உங்களுக்கு என்ன அவசரம்? நம்முடையதில் ஊர் பேரனுக்குப் போவதற்குள் கழன்றுவிடும், அங்கே எட்டு தலைமுறை ஒட்டும். இன்னொரு வித்தியாசம், நாம் ஊரை முன்னால் நாமே போட்டுக்கொள்கிறோம், பெருமையாக. அங்கே பெரும்பாலும் போன இடத்தில் இருக்கிறவர்கள் பின்னால் போட்டுவிடுகிறார்கள். பெருமைக்குப் போட்டுக்கொண்டவர்களும் உண்டு, மறுக்கவில்லை.

---

காயல்காற்று:

நம் கடற்கரைக்கே ஒரு நிஸ்பா இருப்பதை யாரும் சொல்லவில்லையே. அரபு நூல்களில் சோழமண்டலக் கரைக்கு மஃபர் என்று பெயர். அந்தப் பெயர் யாரிடம் ஒட்டியது தெரியுமா? கேரளத்தில். பொன்னானி மக்தூம்கள், ஜைனுத்தீன் மக்தூம் குடும்பம், அல்-மஃபரி என்று எழுதிக்கொண்டார்கள், முன்னோர் நம் பக்கத்திலிருந்து கொச்சிக்குப் போய் அங்கிருந்து பொன்னானி போனவர்கள் என்பதால். இந்தக் கரையிலேயே இருந்தவர்களுக்கு மஃபரி என்று போட அவசியம் இல்லை. இருபதுவருடவிசா சொன்ன விதி அப்படியே பொருந்துகிறது.

எங்கள் காயல்பட்டினத்தில் மட்டும் அது கொஞ்சம் இடறும். உமறுப் புலவர் சீறாப்புராணம் பாட வழிகாட்டியவர் என்று சொல்லப்படும் சதக்கத்துல்லாஹ் அப்பா, பெயரில் அல்-காஹிரி. எங்கள் பெரியவர்களைக் கேட்டால், காஹிரா என்கிற கெய்ரோவிலிருந்து முன்னோர் கப்பலேறி வந்தார்கள், அதனால் காஹிரி, ஊரும் காஹிர் பட்டினம் என்பார்கள். எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. காயல் என்பதையே அரபியில் காஹிர் என்று எழுதிப் பழகி, அதில் "ஈ" சேர்த்ததாகவும் இருக்கலாமே. அப்படியென்றால் அது வந்த ஊர் இல்லை, இருக்கும் ஊர். இதை ஊரில் ஒரு கல்யாண வீட்டில், பலர் சேர்ந்து உண்ணும் பெரிய தட்டான சஹன் முன்னால் உட்கார்ந்து சொன்னேன், சாப்பாடு முடியும்வரை என்னோடு யாரும் பேசவில்லை.

---

சம்பளப்பட்டியல்காரன்:

எல்லோருக்கும் நன்றி. அலுவலக விஷயமாக ஒன்று சொல்கிறேன், இது இவ்வளவு சொன்னதற்குக் கைமாறு. எங்கள் சம்பள சாஃப்ட்வேரில் ஆங்கில அகர வரிசை, "அல்" போட்டவர்கள் எல்லோரும் முதல் எழுத்திலேயே கும்பலாக நிற்பார்கள். அரபுப் பட்டியல்களில் "அல்"லைக் கணக்கில் எடுக்க மாட்டார்கள் என்று இப்போதுதான் கேட்டுத் தெரிந்துகொண்டேன். போதாக்குறைக்கு ஷாமி என்ற பெயருக்கு முன்னால் "அல்" வந்தால் உச்சரிப்பில் அஷ்-ஷாமி ஆகிவிடுகிறது, எகிப்துக்காரர் எல்-ஷாமி என்று எழுதுகிறார், இரண்டு அண்ணன் தம்பிகள் இரண்டு எழுத்துக்கூட்டலில் பாஸ்போர்ட் வைத்திருந்து, வங்கி ஒருவர் சம்பளத்தைத் திருப்பி அனுப்பி, நான் மூன்று நாள் அலைந்த கதை தனி.

நேற்று மஸ்ரியைச் சாயாக்கடையில் பிடித்தேன். இங்கே படித்ததையெல்லாம் என் அரைகுறை ஆங்கிலத்தில் கொட்டினேன். அவர் நிதானமாகக் கேட்டுவிட்டு, "நாப்லஸில் எங்களை மஸ்ரி என்பார்கள். அப்பா அம்மானுக்குப் போனார், அங்கே அக்கம்பக்கத்தில் எங்களை நாபுலுஸி என்றார்கள். நான் இங்கே வந்தேன், இங்கே நான் உருதுனி" என்றார். பையன் மாண்ட்ரியலில் படிக்கிறானாம், அவனுடைய கூட்டாளிகள் அவனை துபாய்ப் பையன் என்று கூப்பிடுகிறார்களாம். துபாய் இல்லை ஷார்ஜா என்று அவன் எத்தனை முறை சொல்லியும் ஒருவரும் கேட்பதாக இல்லையாம்.